பிள்ளைத்தாச்சி வீட்டுக் கதண்டு

எங்கள் தீயணைப்புத் துறையில் ஓய்வு பெற்றவர்கள் சேர்ந்து மலர் ஒன்று போடுகிறார்கள். "சோலை மாப்ள, நீ பாத்ததுலயே பெரிய தீ ஒண்ண எழுதிக் குடு" என்று பாண்டி போன் செய்தார். என்னோடு ஒரே வண்டியில் பல வருஷம் தொங்கிக்கொண்டு வந்தவர். "தீயப் பத்தி எழுதத்தான் அம்புட்டுப் பேரும் இருக்கீங்களே, நான் கதண்டப் பத்தி எழுதுறேன்" என்றேன். "பூச்சியப் பத்தியா?" என்று சிரித்தார். "பூச்சிதான். அந்தப் பூச்சிக்குப் பயந்து நீ லாரிக்கு அடியில போய்ப் படுத்தியே, அதையும் சேத்து எழுதுறேன்" என்றதும் வேறு பேச்சுக்குப் போய்விட்டார்.

எழுதுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. போன வாரம் செல்போனில் ஒரு வீடியோ வந்தது. வீட்டு மாடியில் கதண்டுக் கூடு. பனியனோடு ஒரு ஆள் பாட்டிலில் இருந்து பெட்ரோலைப் பீய்ச்சுகிறார். பக்கத்தில் நாலு பேர் கைதட்டுகிறார்கள். எனக்கு வந்த கோபத்தில் போனையே தூக்கிப் போட்டிருப்பேன், அது மகள் வாங்கிக் கொடுத்த போன்.

கதண்டு என்றால் தெரியாதவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். வீட்டுச் சுவரில் மண்ணைக் குழைத்துக் கட்டுகிறதே, அது குளவி. அது பாட்டுக்கு வரும், போகும். கதண்டு வேறு. கட்டைவிரலில் பாதி இருக்கும், கருப்பு உடம்பு, வயிற்றில் மஞ்சள் பட்டை. மரத்தைச் சுரண்டி மென்று, காகிதம் போல அடுக்கடுக்காகக் கூடு கட்டும். ஒன்று கொட்டினால் ராத்திரி முழுக்கத் தூக்கம் கிடையாது. கூட்டமாகக் கொட்டினால் ஆள் பிழைப்பது கடினம். கொட்டு வாங்கியவனுக்கு மூச்சு இளைத்தாலோ முகம் வீங்கினாலோ வைத்தியம் பார்க்கிறேன் என்று வீட்டில் வைத்துக்கொண்டிருக்காதீர்கள், ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள். இதைச் சொல்லி எனக்கு வாய் வலித்துவிட்டது.

பயிற்சியில் ஏணி ஏறவும், குழாய் பிடிக்கவும், கயிற்றில் முடிச்சுப் போடவும் சொல்லிக் கொடுத்தார்கள். கதண்டைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. வாடிப்பட்டிப் பக்கம் ஒரு நிலையத்தில் போட்டார்கள். போய்ச் சேர்ந்ததும் வந்த முதல் அழைப்பே தென்னந்தோப்புக் கதண்டுதான். அதை எனக்குக் கற்றுக்கொடுத்தது எங்கள் நிலைய அலுவலர் ஆரோக்கியசாமி.

ஆரோக்கியசாமி சார் சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. எங்களையும் சரி, ரோட்டில் ஆடு மேய்க்கிறவரையும் சரி, வாங்க போங்க என்றுதான் பேசுவார். கதண்டு என்று தகவல் வந்தால் பகலிலேயே தன் டிவிஎஸ் வண்டியில் தனியாகப் போவார். கூட்டுக்குத் தள்ளி ஒரு இடம் பார்த்து உட்கார்ந்து, கையைக் கட்டிக்கொண்டு பார்த்துக்கொண்டே இருப்பார். கூட்டுக்கு வாசல் எந்தப் பக்கம், எந்தத் திசையில் போய் எந்தத் திசையில் திரும்புகின்றன, வெளியே காவலுக்கு எத்தனை நிற்கின்றன என்று கண்ணால் படித்துவிட்டுத்தான் எழுந்திருப்பார். பிறகு அந்தத் தெருவில் ஒவ்வொரு வீட்டுக் கதவாகத் தட்டுவார். "சாயந்தரம் வாரோம். ஜன்னல அடைச்சிருங்க. லைட்டப் போடாதீங்க. மாடு, நாயை அந்தப் பக்கம் கட்டிருங்க." வெளிச்சம் எங்கே இருக்கிறதோ அங்கேதான் கதண்டு பறக்கும். பொழுது சாய்ந்து எல்லாம் கூட்டுக்குள் அடைந்த பிறகு வண்டி போகும். சைரன் அடிக்கக் கூடாது. வண்டியைத் தெருமுனையிலேயே நிறுத்திவிட்டு நடந்துதான் போக வேண்டும்.

மரத்தில் என்றால் நீள மூங்கிலில் தீப்பந்தம். வீட்டில் என்றால் தீ கிடையவே கிடையாது. அதில் அவர் ஒரே பிடிவாதம். கப்பலூரில் ஒரு சின்னப் பட்டறையில் எங்களுக்குச் சொல்லாமலே ஆட்கள் கூட்டைப் பார்த்துப் பெட்ரோலை வீசிக் கொளுத்திவிட்டார்கள், அது கூரையில் பட்டது. நாங்கள் போனபோது கூரை எரிகிறது, கதண்டு அத்தனையும் வெளியே. பாண்டி லாரிக்கு அடியில் போனது அன்றைக்குத்தான். தீயை அணைத்து முடித்ததும் சார் அந்த முதலாளியிடம் போய், "ஐயா, கூடு எரியல. அந்தா அப்படியே இருக்கு, பாருங்க" என்று மட்டும் சொன்னார்.

எங்கள் நிலையத்தில் இன்னொரு வழக்கம் இருந்தது. காலையில் வரிசையில் நிற்கும்போது சார் கேட்பார்: "யார் வீட்ல பிள்ளைத்தாச்சி இருக்காங்க?" கை தூக்கியவனுக்குப் பிள்ளை பிறக்கும் வரை கதண்டு வேலை கிடையாது. மனைவி மாசமாக இருந்தால் புருஷன் ஓர் உயிரைக் கொல்லக் கூடாது என்பது எங்கள் பக்கத்து வழக்கம். பாம்பைக்கூட அடிக்க மாட்டார்கள், விரட்டத்தான் செய்வார்கள். புதிதாக வந்த ஒருவன், "சார், இதையெல்லாம் நான் நம்புறதில்ல, நான் போறேன்" என்று நெஞ்சை நிமிர்த்தினான். "நீங்க நம்ப வேண்டாங்க. வீட்ல இருக்கவங்க நம்புறாங்கல்ல? அவங்க தூக்கத்தக் கெடுக்க ரூல்ஸ்ல எடமில்ல" என்று சொல்லி அவனைக் குழாய்ப் பக்கம் அனுப்பிவிட்டார்.

இனி என் கதைக்கு வருகிறேன்.

எனக்கும் ஈஸ்வரிக்கும் கல்யாணமாகி ஆறேழு வருஷம் பிள்ளை இல்லை. இல்லை என்றால், தங்கவில்லை என்று அர்த்தம். இரண்டு தடவை கரு நின்றது, இரண்டு தடவையும் நாலாம் மாதத்துக்குள் போய்விட்டது. இரண்டாவது தடவைக்குப் பிறகு அவள் யார் வீட்டு விசேஷத்துக்கும் போவதை நிறுத்திவிட்டாள். எங்கள் வீடு கீழக்குயில்குடியில். வீட்டில் நான், அவள், என் அம்மா. பதவி உயர்வுக்கு முன் ஒரு பயிற்சி உண்டு, அதற்கு என்னைச் சென்னைக்கு அனுப்பினார்கள். போய்க் கொஞ்ச நாளில் பக்கத்து வீட்டு ராஜாத்தி அக்கா வீட்டுப் போனில் இருந்து ஈஸ்வரி கூப்பிட்டாள்.

"ஏங்க, கொல்லப்பக்கம் கதவுக்கு மேல குளவி கூடு கட்டிருக்குங்க."

வேறொன்றும் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இல்லை. வீட்டில் குளவி கூடு கட்டினால் அந்த வீட்டில் பிள்ளை பிறக்கும் என்பது எங்கள் ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அடுத்த மாதம் போன் வந்தபோது அழுதுகொண்டே விஷயத்தைச் சொன்னாள். நான் அங்கே உடன் இருந்தவர்களுக்கெல்லாம் மிட்டாய் வாங்கிக் கொடுத்தேன்.

பயிற்சி முடிந்து நான் வந்து சேர்ந்தபோது அவளுக்கு ஐந்தாம் மாதம் நடந்துகொண்டிருந்தது. வயிறு தெரிந்தது. முகத்தில் அப்படியொரு தெளிச்சி. கையைப் பிடித்துக் கொல்லைக்குக் கூட்டிப் போய், "அந்தா பாருங்க நம்ம குளவி" என்று காட்டினாள்.

நான் நிமிர்ந்து பார்த்தேன்.

கொல்லைக் கதவுக்கு மேல் சன் ஷேடுக்கு அடியில், பெரிய பரங்கிக்காய் கணக்கில் கதண்டுக் கூடு. பக்கவாட்டில் வாசல். வாசலில் நாலு காவல். அதற்குக் கீழேதான் இவள் தினமும் குளிக்கப் போயிருக்கிறாள், துணி காயப் போட்டிருக்கிறாள். ஆரம்பத்தில் கதண்டுக் கூடும் சின்னக் கிண்ணம் போலத்தான் தொங்கும், மண் நிறத்தில்தான் இருக்கும். பார்த்தவர்கள் எல்லாரும் குளவி என்று முடிவு கட்டிவிட்டார்கள். தெருப் பெண்கள் வந்து நின்று, கூடு செம்மண் நிறமா, களிமண் நிறமா என்று பார்த்து, பிறக்கப்போவது பொண்ணா, பையனா என்று பஞ்சாயத்து வேறு பேசியிருக்கிறார்கள். ஊர்க் கதண்டையெல்லாம் எடுக்கிறவன் வீட்டில் கதண்டுக்கு வளைகாப்பு நடத்தாத குறை!

அவளை உள்ளே இழுத்து வந்து கதவைச் சாத்தினேன். "ஈஸ்வரி, இது குளவி இல்ல. கதண்டு. நாளைக்கே எடுக்கணும்."

"கதண்டாவே இருந்துட்டுப் போகுது. ரெண்டும் ஒரே சாதிதான?"

"கொத்துச்சுன்னா உசுரு போயிரும்டி."

"இத்தன நாளு கொத்தலையே! ஒருநா என்னையத் தொட்டுச்சா? இது கட்டுன பெறகுதான் எனக்கு நாளு தள்ளிப் போச்சு. நாலு மாசம் தாண்டிருச்சு. இதக் கலைச்சு எம் பிள்ளைக்கு ஒண்ணு ஆச்சுன்னா நீங்க திருப்பிக் குடுப்பீங்களா?"

அம்மாவும் அவள் பக்கம்தான். "பிள்ளைத்தாச்சி வீட்ல செங்கலக் கூட நகட்டக் கூடாது. நீ என்னமோ கூட்டக் கலைக்கணுங்கிற. போடா, போய்ச் சாப்பிடு."

எனக்குச் சோறு இறங்கவில்லை. கூடு இருந்தால் ஈஸ்வரி உயிருக்கு ஆபத்து. கூட்டை எடுத்துப் பிள்ளையும் போனால் அப்புறம் ஈஸ்வரி ஈஸ்வரியாக இருக்க மாட்டாள், நானும் அந்த வீட்டில் இருக்க முடியாது. காற்றடித்துச் சன் ஷேடில் தென்னை மட்டை விழுந்தால் போதும், ஒரு காக்கா கொத்தினால் போதும். வேலைக்குப் போனாலும் வயர்லெஸ் சத்தம் கேட்கும்போதெல்லாம் எங்கள் வீட்டு முகவரிதான் வரப்போகிறது என்று எழுந்துவிடுவேன்.

பாண்டிதான் யோசனை சொன்னார். "மாப்ள, தங்கச்சியையும் அம்மாவையும் ஒரு நா அழகர்கோயிலுக்கு அனுப்பிரு. நாம சத்தமில்லாம எடுத்துருவோம். தானாப் பறந்து போச்சுன்னு சொல்லிரு. முடிஞ்சது சோலி."

எனக்கு அது நல்ல யோசனையாகத்தான் பட்டது. சாரிடம் போய்ச் சொன்னேன். கேட்டுக்கொண்டே இருந்தவர் கடைசியில், "பொய் சொல்லி எடுத்துறலாம் சோலை. நாளைக்கு ஏதாவது ஒண்ணுன்னா அந்தப் பொய்ய எங்க கொண்டுபோய் வைப்பீங்க?" என்றார். மறுநாள் டிவிஎஸ்ஸில் எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டார்.

வந்தவர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். அம்மா கொடுத்த மோரைக் குடித்தார். ஜன்னல் கண்ணாடி வழியாகக் கூட்டை வழக்கம்போலப் பார்த்தார். ஈஸ்வரி சண்டைக்குத் தயாராகச் சுவர் ஓரம் நின்றாள்.

"அம்மா, நீங்க சொல்லாம எங்காளுக யாரும் கூட்டத் தொட மாட்டாங்க. அது என் பொறுப்பு" என்று ஈஸ்வரியிடம் சொன்னார் சார்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "சார், நீங்களுமா?" என்று எழுந்துவிட்டேன். கையைக் காட்டி உட்காரச் சொன்னார்.

"ஆனா எனக்காக நீங்க ரெண்டு காரியம் செய்யணும். கொல்லக் கதவத் தெறக்கவே கூடாது. குளிக்கப் பக்கத்து வீட்டுக்குப் போயிக்கங்க. ரெண்டாவது, இந்த ஜன்னல் கிட்ட நாற்காலியப் போட்டு உக்காந்து அதப் பாருங்க. எதை எடுக்கிறதா இருந்தாலும் நாங்க மொதல்ல பாப்போம். நீங்களும் நல்லாப் பாத்துட்டு, என்ன செய்யணும்னு நீங்களே சொல்லுங்க."

"பாத்துட்டு வேண்டாம்னு சொன்னா?"

"வேண்டாம்னா வேண்டாந்தாம்மா. வாரேன்" என்று எழுந்து போய்விட்டார். அன்றைக்கு நான் அவரைத் திட்டாத திட்டு இல்லை, மனசுக்குள்தான்.

ஈஸ்வரி பார்த்தாள். சோறு பொங்கி வைத்துவிட்டு ஜன்னலுக்கு வந்துவிடுவாளாம். கூடு தினமும் ஒரு சுற்றுப் பெருப்பதைப் பார்த்தாள். போகிறவை சும்மா போய், வருகிறவை வாயில் எதையோ கவ்விக்கொண்டு வருவதைப் பார்த்தாள்.

ஒருநாள் சாயந்தரம் வேலை முடிந்து வீட்டுக்குள் நுழைகிறேன். நாற்காலியிலேயே உட்கார்ந்திருந்தாள். முகம் வெளுத்துக் கிடந்தது. வலி எடுத்துவிட்டதோ என்று கையில் இருந்த பையைப் போட்டுவிட்டு ஓடினேன்.

"கொய்யா மரத்துல சின்னக் குளவிக் கூடு ஒண்ணு இருந்துச்சுல்ல?" என்றாள். விரலளவு காம்பில் தொங்குகிற சின்னக் கூடு, மண் கூடு கட்டுகிற குளவி இல்லை, இது வேறு வகை, எனக்கும் தெரியும். "மத்தியானம் நாலஞ்சு கதண்டு போயி அதுல உக்காந்துச்சுங்க. குளவியெல்லாம் சுத்திச் சுத்திப் பறக்குது, ஒண்ணும் செய்ய முடியல. ஒவ்வொரு அறையாத் தலைய விட்டு வெள்ள வெள்ளையாப் புழுவ இழுக்குது. அம்புட்டும் அதோட பிள்ளைகங்க. இழுத்து, மென்னு, உருட்டி எடுத்துட்டு நம்ம கதவுக்கு மேல வருது. நான் எத்தன தடவ ஜன்னலத் தட்டியும் போகல. கடைசி அறை வரைக்கும் விடல." சொல்லும்போதே அழுதுவிட்டாள். "அந்தக் குளவிக காலியாப் போன கூட்டுலயே உக்காந்திருக்குங்க."

நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். கதண்டு அப்படித்தான், அதன் குஞ்சுக்கு அதுதான் இரை என்று சொல்ல வாய் வரை வந்தது. இரண்டு பிள்ளையைப் பறிகொடுத்தவளிடம் என்ன பாடம் நடத்துவது? நல்ல நேரம் அவளே பேசினாள்.

"எடுத்துருங்க. நீங்கதான் எடுக்கணும்."

"பாண்டி எடுப்பான். இல்ல, சாரே எடுப்பாரு. நான் தொடக் கூடாது, தெரியும்ல?"

"வேற யாரும் எடுத்தா, நாளைக்கு எனக்கு ஒண்ணு ஆச்சுன்னா அந்த மனுசனத்தான் காலமெல்லாம் திட்டுவேன். பாவம், அவுக என்ன செஞ்சாக? நீங்கன்னா வீட்டோட போயிரும், நாம அடிச்சுக்குவோம்." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "எம் பிள்ளைக்கு வந்த ஆபத்த அதோட அப்பன் எடுக்காம எவன் எடுப்பான்?"

அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். "அடியே, கிறுக்கியா நீ? மாசமா இருக்கவ புருசன் எறும்பக் கூட நசுக்கக் கூடாதுடி!" ஈஸ்வரி அசையவில்லை. நானும் முடிவு செய்துவிட்டேன். சாரிடம் சொன்னபோது, "அவங்க வாயாலயே சொன்னாங்களா?" என்று மட்டும் கேட்டார். ஆமாம் என்றதும் ஏணியை எடுக்கச் சொன்னார்.

மறுநாள் பொழுது இறங்கியதும் வேலை. ஈஸ்வரியும் அம்மாவும் ராஜாத்தி அக்கா வீட்டில். தெரு முழுக்க இருட்டு. எனக்கு இரண்டு கால்சட்டை, மேலே மழைக்கோட்டு, தலைக்கவசத்தின் மேல் கொசுவலை, அதைக் கழுத்தில் கயிற்றால் இறுக்கிக் கட்டினார் சார். டார்ச்சில் சிவப்புக் கண்ணாடித்தாள் சுற்றியிருந்தோம். சிவப்பு வெளிச்சம் கதண்டுக்கு அவ்வளவாகத் தெரியாது. சார் ஏணியைப் பிடித்துக்கொண்டார். பாண்டி தண்ணீர்க் குழாயோடு தள்ளி நின்றார், அடியில் போய்ப் படுக்க லாரிதான் பக்கத்தில் இல்லை.

ஏணியில் ஏறும்போது அடி வைப்பதே தெரியக் கூடாது. மூச்சைக் கூட்டுப் பக்கம் விடக் கூடாது. கூட்டுக்குள் இரைச்சல், காதை வைத்தால் ரைஸ் மில் ஓடுவது போல. வாசலில் காவல் நின்ற கதண்டு தலையைத் திருப்பியது. மண்ணெண்ணெயில் நனைத்த பஞ்சை ஒரே அழுத்தாக வாசலில் அடைத்தேன். உள்ளே இரைச்சல் பொங்கியது. அப்போது பதறினால் தீர்ந்தது. கையை எடுக்காமல் அப்படியே பிடித்திருக்க வேண்டும். வெளியே தங்கிய ஒன்று கையுறைக்கும் மழைக்கோட்டுக்கும் நடுவில் மணிக்கட்டில் ஏற்றியது, அப்புறம் இன்னொன்று. கொள்ளிக்கட்டையால் சுட்டது போல இருந்தது. பஞ்சை இன்னும் அழுத்தினேன். கீழே சார், "அப்படியே இருங்க சோலை, அப்படியே" என்று மெதுவாகச் சொல்லிக்கொண்டே இருந்தார்.

இரைச்சல் அடங்க அடங்க, ஈரச் சாக்கைக் கீழிருந்து மேலே கொண்டுபோய்க் கூட்டை முழுசாக உள்ளே வாங்கினேன். சன் ஷேடோடு ஒட்டியிருந்த இடத்தைத் தகட்டால் சுரண்டி அறுத்தேன். கூடு சாக்குக்குள் விழுந்தது. வாயைச் சுருக்கிக் கட்டி இறக்கினேன். ஒட்டியிருந்த இடத்தில் மண்ணெண்ணெய் பூசிவிட்டுத்தான் இறங்கினேன், இல்லாவிட்டால் மிச்சம் மீதி அங்கேயே வந்து உட்காரும்.

சாக்கைக் கண்மாய்ப் பக்கம் வெட்டவெளிக்குக் கொண்டுபோனோம். தீப்பெட்டியை எடுத்தேன். சார் என் கையில் இருந்து வாங்கிக்கொண்டார். "இதையாவது எனக்கு விடுங்க" என்று சொல்லி அவரே பற்றவைத்தார். எரிந்து முடியும் வரை மூன்று பேரும் அங்கேயே நின்றோம்.

நான் பல தீயில் நின்றிருக்கிறேன். அதற்குப் பிறகு வந்த நாலு மாதம் போல எதிலும் வெந்ததில்லை. அவள் இடுப்பில் கை வைத்தால் எனக்கு உயிர் போகும். ராத்திரி புரண்டு படுத்தால் எழுந்து உட்கார்ந்துவிடுவேன். அம்மா என்னோடு பேசுவாள், ஆனால் நான் ஈஸ்வரி பக்கம் போனால் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். ஈஸ்வரி மட்டும் ஒரு வார்த்தை குத்திப் பேசவில்லை. கொல்லைக் கதவைத் திறந்து போட்டுக்கொண்டு நன்றாகத் தூங்கினாள்.

பெரிய ஆஸ்பத்திரியில் பெண் பிள்ளை பிறந்தது. நல்ல எடை, நல்ல குரல். அம்மா சீனித் தண்ணீரும் பஞ்சுமாக ஓடிவந்தாள், சேனை வைக்க. பிறந்த பிள்ளையின் நாக்கில் முதல் சொட்டு யார் வைக்கிறார்களோ அவர்கள் குணம் பிள்ளைக்கு வரும் என்பார்கள். அதற்கென்று குணமான ஆளாகப் பார்த்துத் தன் தம்பியை, என் மாமாவை, ஊரில் இருந்தே கூட்டி வந்திருந்தாள். என்னைப் பார்த்து, "நீ தள்ளி நில்லுப்பா. உயிரக் கொன்ன கை. தீட்டுக் கழிக்கிற புண்ணியாதானம் முடியட்டும், அப்புறம் தூக்கலாம்" என்றாள். நான் தள்ளித்தான் நின்றேன். பிள்ளை பிழைத்து வந்ததே போதும் என்று இருந்தது எனக்கு.

நர்சம்மா பிள்ளையைத் துணியில் சுற்றிக்கொண்டு வந்தார். அம்மா கையில் இருந்த டம்ளரைப் பார்த்ததும், "தாய்ப்பால் தவிர வாயில ஒரு சொட்டு வைக்கக் கூடாது, எடுத்துட்டுப் போங்க அதை!" என்று போட்டார் ஒரு சத்தம். மாமா இரண்டடி பின்னால் போய்விட்டார்.

கட்டிலில் கிடந்த ஈஸ்வரி தலையைத் தூக்கினாள். குரலே வரவில்லை, ஆனாலும் வார்டு முழுக்கக் கேட்டது.

"சேனையும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம். மொதல்ல அவுக கையில குடுங்க. அத்தை, நீங்களும் வந்து பக்கத்துல நின்னு பாருங்க."

நர்சம்மா என்னிடம் நீட்டினார். மணிக்கட்டில் அந்த இரண்டு கொட்டும் கருப்பாகத் தழும்பு கட்டியிருந்தது. அந்தக் கையில்தான் வாங்கினேன். என் மகள் கொட்டாவி விட்டாள்.